நாயைப் பழக்கும் பருவம்

நாயைப் பணியப் பழக்குதற்குரிய காலம் யாது என்னும் வினா மிகப் பழையது. கி.மு. 4ஆம் நூற்றாண்டில் வாழ்ந்த கிரேக்க அறிஞர் செனொபன், பெண்குட்டியை 8ஆம் மாதத்திலும் ஆண்குட்டியை 10ஆம் மாதத்திலும் வேட்டைக்குக் கொண்டு செல்லலாம் என்றார். அவர் நோக்கியது உடலின் முதிர்ச்சியை. ஓடிக் களைக்கும் தொழிலுக்கு அக்கணக்குத் தகும். பின்வந்த பழக்குநர் பலரும் 6 மாதம் நிறையும்வரை குட்டியைச் சும்மா விட்டதுதான் பொருந்தவில்லை.

இக்கொள்கையை அசைத்தவை அமெரிக்க நாட்டுப் பார் ஹார்பரில் நிகழ்ந்த ஆய்வுகள். அங்குள்ள ஜாக்சன் ஆய்வுக்கூடத்தில் ஸ்காட், புல்லர் என்பார் ஐந்து இன நாய்களைப் பல்லாண்டு ஆராய்ந்தனர். பிரீட்மன், கிங், எலியட் என்னும் மூவர் 1961இல் வெளியிட்ட முடிவு இன்னும் கூர்மையானது. உயர்ந்த வேலிக்குள் மனிதத் தொடர்பின்றி வளர்ந்து 14ஆம் வாரத்தில் வெளிவந்த குட்டிகள் காட்டு விலங்கென மனிதரை அஞ்சின. 7ஆம் வார அளவில் ஒரு வாரமே மனிதரோடு இருந்த குட்டிகளோ நன்கு பழகின. 6 மாதம் காத்திருந்தவர் எதனை இழந்தனர் என்பது இதனால் விளங்கும்.

கலிபோர்னியாவில் கண்ணற்றோர்க்கு வழிகாட்டும் நாய்களைத் தேர்ந்த பிஃபாபென்பெர்கர், 8 முதல் 12 வாரக் குட்டிகளையே சோதித்தார். எறிந்த பொருளை விரும்பி எடுத்து வருவதை அவர் சிறந்த அறிகுறியாகக் கொண்டார். பிற்கால ஆய்வில் அச்சோதனையின் கணிப்பு அத்துணை உறுதியாக அமையவில்லை.