மணலி முத்துக்கிருஷ்ண முதலியார்: துபாஷியும் நிலக்கிழாரும்

மாதவரத்துக்குக் கிழக்கே உள்ள மணலி இன்று எண்ணெய்ச் சுத்திகரிப்பு ஆலையாலும் உரத் தொழிற்சாலையாலும் அறியப்படும் ஊர். 18ஆம் நூற்றாண்டில் இவ்வூரின் பெயரைத் தாங்கிய ஒரு குடும்பம் சென்னையின் கோயில், தமிழ் இலக்கியம், கருநாடக இசை ஆகிய மூன்றிலும் தடம் பதித்தது. அக்குடும்பத்தைச் சேர்ந்த முத்துக்கிருஷ்ண முதலியாரைக் கோயில் வரலாறு ஆளுநரின் துபாஷியாகவே, அதாவது மொழிபெயர்ப்பாளரும் முகவருமாகவே காட்டுகிறது. இசை வரலாறோ அவரையும், சின்னையா முதலியார் எனப்பட்ட அவர் மகன் வேங்கடகிருஷ்ண முதலியாரையும் மணலி ஜமீன்தார்களாகப் போற்றுகிறது. இவ்விரு முகங்களையும் சேர்த்தே பார்க்க வேண்டும் என்பது இக்கட்டுரையின் கருத்து.

நிலமும் கும்பினியும்

வடசென்னை வட்டாரம் கும்பினியின், அதாவது ஆங்கிலேயக் கிழக்கிந்தியக் கம்பெனியின், கைக்குச் சிறிது சிறிதாகவே வந்தது. 1708இல் திருவொற்றியூர், கத்திவாக்கம், சாத்தங்காடு, வியாசர்பாடி, நுங்கம்பாக்கம் ஆகிய ஐந்து ஊர்கள் கிடைத்தன. 1742இல் எர்ணாவூர், சடையன்குப்பம், பெரம்பூர், வேப்பேரி, புதுப்பாக்கம் சேர்ந்தன. 1763இல் ஆற்காட்டு நவாப் முகமது அலி செங்கல்பட்டுச் சீமையைக் கும்பினிக்கு ஜாகீராக (வருவாய் உரிமையுள்ள நிலப்பகுதியாக) வழங்கினார்.

இப்பகுதியில் நிலவுரிமை என்பது காணியாட்சி, அதாவது மிராசு. களத்தில் நெல் குவிந்ததும் கோயில், கணக்கன், தச்சன், கொல்லன், காவல்காரன் என ஊருக்குரிய பங்குகள் பிரிக்கப்படும். எஞ்சியதில் சர்க்காருக்கு மேல்வாரமும் பயிரிடுவோருக்குக் குடிவாரமும் போகும். மிராசுதாருக்குத் தனியே மானியமும் (வரியில்லா நிலம்) மேரையும் (விளைச்சலில் உரிமைப் பங்கு) உண்டு. ஆகவே மிராசு வருமானத்தோடு ஊரில் முதல் மரியாதையையும் தந்தது. சென்னையின் துபாஷிகள் இவ்வுரிமைகளை விலைக்கு வாங்கியதன் காரணம் இதுவே. 1794 முதல் 1798 வரை ஜாகீரின் கலெக்டராக இருந்த லயனல் பிளேஸ், ஊர் நிர்வாகத்தில் துபாஷிகளின் தலையீட்டைக் கடுமையாகச் சாடினார்.

முத்துக்கிருஷ்ண முதலியார் ஆளுநர் ஜார்ஜ் பிகட்டின் துபாஷி. பிகட் 1755 முதல் 1763 வரையும், மீண்டும் 1775இலும் சென்னை ஆளுநராக இருந்தார். 1776 ஆகஸ்டில் சொந்தக் கவுன்சிலின் எதிர்ப்பாளர்களாலேயே சிறைவைக்கப்பட்டு, 1777 மே மாதம் காவலிலேயே இறந்தார். ஆளுநரின் தயவை மட்டும் நம்பிய செல்வாக்குக்கு ஆயுள் குறைவு. நிலம் தலைமுறை கடந்து நிற்கும். மணலியின் வரலாற்றை விளங்கிக்கொள்ள இந்த வேறுபாடு அவசியம்.

பட்டணம் கோயில்

இன்று உயர் நீதிமன்றம் நிற்கும் இடத்தில் சென்னகேசவப் பெருமாள் கோயில் இருந்தது. கோட்டைப் பீரங்கிகளுக்கு முன்னே வெட்டவெளி வேண்டும் என்று 1757இல் கும்பினி அதை இடித்தது. 1762இல் பூக்கடைப் பகுதியில் மாற்று நிலம் அளிக்கப்பட்டது. முத்துக்கிருஷ்ண முதலியார் தாமும் பொருள் தந்து, பிறரிடமும் திரட்டி, சென்னகேசவருக்கும் சென்னமல்லீசுவரருக்கும் அடுத்தடுத்துக் கோயில்கள் எழ வழிசெய்தார். பணிகள் 1780இல் நிறைவடைந்தன.

கும்பினியின் இடிப்பால் நகர மக்கள் அடைந்த மனக்குறையை, கும்பினியின் ஊழியரே முன்னின்று தீர்த்து வைத்தார் என்பது இங்கே முக்கியம். இரு தரப்புக்கும் பொதுவான பெரியமனிதர் என்ற இடம் அவருக்கு இப்படியே உறுதிப்பட்டது.

புலவரும் இசைவாணரும்

இராம நாடகம் இயற்றிய சீர்காழி அருணாசலக் கவிராயர் சென்னையில் ஆதரவு பெற்றது முத்துக்கிருஷ்ண முதலியாரிடமே. திருவாரூரில் இருந்த இராமசுவாமி தீட்சிதரை அழைத்து மணலியில் குடியமர்த்தியவரும் அவர்தான். சின்னையா முதலியார் அந்த ஆதரவைத் தொடர்ந்து, 108 இராகதாளமாலிகை பாடிய தீட்சிதருக்குக் கனகாபிஷேகம் செய்தார்.

இராமசுவாமி தீட்சிதரின் மகனாக 1775இல் பிறந்த முத்துசுவாமி தீட்சிதரின் இளமை மணலியோடு பிணைந்தது. சிதம்பரநாத யோகி அவரைக் காசிக்கு அழைத்துச் சென்றது இங்கிருந்துதான். தம்பி பாலுசுவாமிக்கு ஐரோப்பிய இசைக்கலைஞர் ஒருவரிடம் வயலின் கற்கச் சின்னையா ஏற்பாடு செய்தார். கோட்டையில் துபாஷிக்கு இருந்த பழக்கமும், மணலியில் நிலக்கிழாருக்கு இருந்த வசதியும் ஒன்றுசேர்ந்த இடம் இது. கருநாடக இசையில் வயலின் வேரூன்றியதற்கு இது ஒரு தொடக்கம். சுப்பராம தீட்சிதரின் ‘சங்கீத சம்பிரதாய பிரதர்சினி’ (1904) இவ்வரலாற்றைப் பதிவு செய்திருக்கிறது.

வயலில் உழைத்தோர்

இப்புரவலர் மரபுக்கு மறுபக்கமும் உண்டு. செங்கல்பட்டுச் சீமையின் மிராசு முறை, நிலவுரிமை மறுக்கப்பட்ட ஒடுக்கப்பட்ட சாதியினரின் உழைப்பில்தான் நடந்தது. குடியிருக்கும் மனைகூட அவர்களுக்குச் சொந்தமில்லை. 1891இல் செங்கல்பட்டு கலெக்டர் டிரெமென்ஹீர் அளித்த அறிக்கையே இந்நிலையை அரசின் முன் வைத்தது. மறு ஆண்டு அச்சாதியினருக்கான பஞ்சமி நில ஒதுக்கீட்டுக்கு அது வழிகோலியது.

மணலி வயல்கள் பின்னர் ஆலை நிலமாயின. 1965இல் உருவான மெட்ராஸ் ரிஃபைனரீஸ் 1969இல் ஆண்டுக்கு 25 லட்சம் டன் திறனுடன் இங்கே இயங்கத் தொடங்கியது. 2011இல் மணலியும் மாதவரமும் சென்னை மாநகராட்சியில் சேர்ந்தன.

முத்துக்கிருஷ்ண முதலியாரின் பொதுவாழ்வு அவருடைய கொடைக்குணத்தால் மட்டும் அமைந்ததல்ல. கும்பினி வணிகமும் மிராசு முறையும் ஒன்றையொன்று தாங்கிய காலத்தின் விளைவு அது. கோயில், இசை ஆவணங்களையும் செங்கல்பட்டு வருவாய்த் துறை ஆவணங்களையும் ஆய்வாளர்கள் ஒருசேர வைத்துப் படிக்க வேண்டும். அப்போதுதான் கொடுத்தவரோடு, அக்கொடைக்கு நெல் விளைவித்தவரும் வடசென்னை வரலாற்றில் தமக்குரிய இடத்தைப் பெறுவார்கள்.