இரண்டாம் மேல்முறையீட்டின் எல்லைகள்: திருத்தணி வட்டாரத்தை முன்வைத்து ஓர் ஆய்வு

உரிமையியல் வழக்கொன்றில் விசாரணை நீதிமன்றமும் முதல் மேல்முறையீட்டு நீதிமன்றமும் தீர்ப்பளித்த பின்னர், தோற்றவர் மூன்றாம் படியாக உயர் நீதிமன்றத்தை நாடுவதே இரண்டாம் மேல்முறையீடு. திருத்தணியை அடுத்த நெசவாளர் ஊரான அம்மையார்குப்பத்து வழக்காளிக்கு இந்த மூன்றாம் படி இருந்த நகரம் ஆறு ஆண்டுகளுக்குள் மூன்று முறை மாறியது. அன்று சித்தூர் மாவட்டத்தில் இருந்த இவ்வட்டாரம் 1953இல் ஆந்திர மாநிலத்தோடு சென்றதால், 1954 ஜூலையில் சென்னைக்குப் பதிலாகக் குண்டூரும், 1956 நவம்பரில் ஐதராபாத்தும், எல்லை மாற்றச் சட்டம் நடைமுறைக்கு வந்த 1960 ஏப்ரல் 1 முதல் மீண்டும் சென்னையும் அதன் உயர் நீதிமன்ற நகரங்களாயின. நகரம் மாறியதே தவிர, மேல்முறையீட்டை அளந்த விதி மாறவில்லை. அது 1908ஆம் ஆண்டு உரிமையியல் நடைமுறைச் சட்டத்தின் 100ஆம் பிரிவு.

அப்பிரிவின் வேர் 1859ஆம் ஆண்டுச் சட்டத்தின் 'சிறப்பு மேல்முறையீட்டில்' இருக்கிறது. தீர்ப்பு சட்டத்துக்கோ சட்ட வலிமை பெற்ற வழக்காற்றுக்கோ முரணாக இருந்தால், அல்லது நடைமுறையில் பெரும்பிழை நேர்ந்திருந்தால் மட்டுமே மேலே செல்லலாம் என்பது அதன் சாரம். உண்மை நிகழ்வைப் பற்றிய முடிவு எவ்வளவு தவறாகத் தோன்றினாலும் அதில் தலையிட அதிகாரமில்லை என்று 1890இல் துர்கா சௌத்ராணி வழக்கில் பிரிவி கவுன்சில் திட்டவட்டமாகச் சொல்லிவிட்டது. ஆயினும் உயர் நீதிமன்ற நீதிபதிகள் சாட்சியத்தைப் புதிதாக எடைபோடுவது நிற்கவில்லை. குண்டூரில் ஆந்திர உயர் நீதிமன்றத்தின் முதல் தலைமை நீதிபதியாக இருந்து உச்ச நீதிமன்றம் சென்ற கோகா சுப்பாராவ், பட்டாபிராமசுவாமி தேவஸ்தான வழக்கில், இரண்டாம் மேல்முறையீட்டை முதல் மேல்முறையீடு போலவே சிலர் நடத்துவதைக் கடிந்து எழுத நேர்ந்தது.

தடையை இறுக்கிய சொல்லாட்சி வேறோர் இடத்திலிருந்து வந்தது என்பதே இவ்வரலாற்றில் கவனிக்கத்தக்கது. 'முக்கிய சட்ட வினா' என்பது 1908ஆம் ஆண்டுச் சட்டத்தில் பிரிவி கவுன்சிலுக்குச் செல்வோரின் வடிகட்டி. 10,000 ரூபாய்க்குக் குறையாத மதிப்புள்ள வழக்குகளில்கூட, கீழமைத் தீர்ப்பை உயர் நீதிமன்றம் உறுதிசெய்திருந்தால் அத்தகைய வினா இருந்தாக வேண்டும். அதன் பொருளைச் சென்னை உயர் நீதிமன்ற முழு அமர்வு 1951இல் ரிம்மலப்பூடி சுப்பாராவ் வழக்கில் வரையறுத்தது: இருவேறு கருத்துக்கு இடமிருந்து, விரிவாக வாதிக்கத்தக்கதாக இருந்தால் அது முக்கிய வினா, தீர்ந்துபோன கோட்பாட்டை வழக்கின் விவரங்களுக்குப் பொருத்துவது மட்டுமே எஞ்சியிருந்தால் அன்று. உச்ச நீதிமன்றம் 1962இல் சுனிலால் மேத்தா வழக்கில் இதை ஏற்றது. பின்னர் சட்ட ஆணையத்தின் 1973ஆம் ஆண்டு 54ஆவது அறிக்கையைத் தொடர்ந்து, 1976ஆம் ஆண்டுத் திருத்தம் அதே சொல்லாட்சியை 100ஆம் பிரிவில் புகுத்தியது. பெருஞ்செல்வர்களின் வழக்குகளுக்காக வகுத்த அளவுகோல், 1977 பிப்ரவரி 1 முதல், வரப்புத் தகராறுக்கும் வாய்க்கால் தகராறுக்கும் உரியதாயிற்று. அந்த வினாவை உயர் நீதிமன்றமே எழுத்தில் வகுத்த பிறகுதான் விசாரணை தொடர முடியும். வகுக்காமல் அளித்த தீர்ப்புகளை உச்ச நீதிமன்றம் பலமுறை ரத்து செய்திருக்கிறது.

பண மதிப்புத் தடையும் கூடவே வளர்ந்தது. 102ஆம் பிரிவின் வரம்பு 1908இல் 500 ரூபாய், 1976இல் 3,000, 2002 ஜூலை 1 முதல் 25,000. இவ்வரம்பு முன்பு சிறுவழக்கு நீதிமன்றத்துக்குரிய தன்மையுள்ள வழக்குகளைச் சார்ந்திருந்தது. 2002ஆம் ஆண்டுத் திருத்தம் அதைப் பணவசூல் வழக்குகளுக்கென்று வரையறுத்தது. அதனால், 20,000 ரூபாய் நூல் பாக்கிக்காகத் தொடரப்பட்ட வழக்கு முதல் மேல்முறையீட்டோடு முடிந்துவிடும். தறிக்குழி ஒட்டிய அரைச்சுவர் யாருடையது என்ற வழக்கு, சுவரின் விலை அதைவிடக் குறைவாயினும், முக்கிய சட்ட வினா இருக்குமானால் சென்னை வரை செல்லும். மண் மீதான உரிமையைப் பணத்தால் அளக்காத இந்த வேறுபாடு நியாயமானதே. ஆனால் இத்தனை விலையேற்றத்துக்குப் பிறகும் அந்த 25,000 ரூபாய் வரம்பு 2002இல் நின்ற இடத்திலேயே நிற்கிறது.