தண்ணீர்க் குழாய் முதல் தம்பானூர் வரை

தோட்டக்காரர் செடிகளுக்குத் தண்ணீர் பாய்ச்சுகிறார். பின்னால் வந்த சிறுவன் குழாயை மிதிக்க, தண்ணீர் நின்றுபோகிறது. என்ன ஆயிற்று என்று அவர் குழாயின் வாயைத் தூக்கிப் பார்க்கும் நேரத்தில் பையன் காலை எடுத்துவிடுகிறான். முகமெல்லாம் தண்ணீர்! ஏதோ ஒரு படத்தில் இதைப் பார்த்து நீங்களும் சிரித்திருப்பீர்கள். இந்தச் சிரிப்புக்கு வயது 130-க்கு மேல்.

1887-இல் ஹெர்மன் வோகல் இதைப் படக்கதையாக வரைந்தார். 1895 டிசம்பர் 28 அன்று பாரிஸில் லூமியேர் சகோதரர்கள் கட்டணம் வாங்கிக் காட்டிய பத்துப் படங்களில் இதுவும் ஒன்று; ஒரு நிமிடம்கூட ஓடாது. தோட்டக்காரராக நடித்தவர் லூமியேர்களுடைய தோட்டக்காரரேதான். அடுத்த ஆண்டே பிரெஞ்சு இயக்குநர் மெலியெஸ் அதை நகலெடுத்தார். பிறகு இங்கிலாந்தின் யார்க்ஷயரில் பாம்ஃபோர்த்தும் எடுத்தார். நல்ல வேடிக்கை யார் கையில் கிடைத்தாலும் அவர்களுடையதாகிவிட்ட காலம் அது.

ஆங்கிலேயர்கள் இந்தச் சின்ன விபத்தை விபரீதமாக வளர்த்தார்கள். எனக்கு மிகப் பிடித்த கட்டம் இதுதான். 1900-இல் செசில் ஹெப்வொர்த் எடுத்த படத்தில் ஒரு மோட்டார் கார் வெடித்துச் சிதறுகிறது. போலீஸ்காரர் அண்ணாந்து பார்க்க, வானத்திலிருந்து கையும் காலும் கொட்டுகின்றன. அவர் பொறுப்பாக அவற்றைப் பிரித்து அடுக்குகிறார்! 1903-இல் வந்தது 'மேரி ஜேன்ஸ் மிஸ்ஹாப்'. மேடையில் மனோவசியம் செய்துகாட்டிய ஹோவ் நகரத்து ஜி. ஏ. ஸ்மித், தம் மனைவி லாரா பெய்லியை வேலைக்காரியாக நடிக்கவைத்தார். அடுப்பு பற்றவில்லையே என்று அவள் மண்ணெண்ணெயைத் தாராளமாக ஊற்ற, புகைபோக்கி வழியாகக் கூரைக்கு மேலே பறக்கிறாள். நடுநடுவே கேமராவை அருகில் கொண்டுபோய் அவள் முகத்தைக் காட்டுகிறார் ஸ்மித். அந்தக் கண்சிமிட்டல் இன்றும் நம்மைக் கூட்டாளியாக்கிக்கொள்கிறது.

இத்தகைய துண்டுப் படங்கள் நம் பக்கமும் வந்தன. 1905-இல் திருச்சி ரயில்வே ஊழியர் சாமிக்கண்ணு வின்சென்ட், டூபாண்ட் என்ற பிரெஞ்சுக்காரரிடம் படக்கருவியையும் துண்டுப் படங்களையும் விலைக்கு வாங்கினார். வேலையை விட்டுவிட்டு ஊர் ஊராகக் கூடாரம் அடித்தார், கேரளத்துக்கும் போனார்.

பிறகு படங்கள் நீண்டபோதும் சிரிப்பு தனித் துண்டாக நீடித்தது. திருவிதாங்கூர் சமஸ்தானத்து ஒழுகினசேரியில் பிறந்த தமிழ் நகைச்சுவை நடிகர் என். எஸ். கிருஷ்ணன், பெரிய படத்துக்குள் தனிக் கிளைக்கதையாகச் சிரிப்புப் பகுதிகளைத் தாமே அமைத்தார்.

ஆங்கிலேயரின் வேடிக்கை கேரளத்துக்கு மறுபடியும் வந்தது. 1984-இல் திருவனந்தபுரத்துக்காரரான இயக்குநர் பிரியதர்ஷன் தம் முதல் மலையாளப் படமான 'பூச்சைக்கொரு மூக்குத்தி'க்கு லண்டனிலிருந்து சரக்கெடுத்தார். 1836-இல் டிக்கன்ஸ் எழுதிய ஆள்மாறாட்ட நாடகம் அது! 2003-இல் அவரே அதை இந்தியில் 'ஹங்காமா' ஆக்கினார்.

சின்னப் படங்களுக்கு அவருடைய ஊரில் இன்றும் இடம் உண்டு. கேரள சலச்சித்திர (திரைப்பட) அகாடமியின் ஆவணப்பட, குறும்பட விழா 2008-இல் தொடங்கியது; திருவனந்தபுரத்துத் தம்பானூரின் கைரளி, ஸ்ரீ, நிளா திரையரங்குகளில் அது நடந்திருக்கிறது. அந்த விழாவில் கதை சொல்லும் குறும்படங்களுக்கென்றே தனிப் போட்டி உண்டு.