ஒரு ஊசி போட்டுடச் சொல்லுடா

போன வருஷம் நடவு நேரம். புற்றுநோய் முத்திப்போய்ப் படுத்திருந்த எங்க பெரியப்பா என்னைக் கூப்பிட்டு, "டாக்டர்கிட்ட சொல்லி ஒரு ஊசி போட்டுடச் சொல்லுடா"ன்னார். எனக்குக் கையும் ஓடல, காலும் ஓடல. அப்படி ஒரு ஊசிக்கு நம்ம நாட்டுச் சட்டத்தில் இடம் இருக்கிறதா என்று அன்றைக்குத்தான் தேடினேன்.

இல்லை. நெதர்லாந்தில் 2002-லிருந்து இருக்கிறது. இங்கே போட்டால் குற்றம். ஆனா வேற ஒரு வழி இருக்கு. அது வந்த கதை ஒரு நர்ஸிடமிருந்து ஆரம்பிக்கிறது.

அருணா ஷான்பாக் கர்நாடகாவிலிருந்து போய் மும்பை கே.இ.எம். ஆஸ்பத்திரியில் வேலை பார்த்தவர். 1973 நவம்பர் 27 அன்று அங்கே வேலை செய்த துப்புரவு ஊழியன் ஒருவன் நாய்ச் சங்கிலியால் கழுத்தை இறுக்கி அவரைச் சீரழித்தான். மூளை பாதித்து, 41 வருஷத்துக்கு மேல அதே ஆஸ்பத்திரியில் கிடந்தார். 2009-ல் பிங்கி விரானி என்ற எழுத்தாளர், அவருக்கு ஊட்டுவதை நிறுத்தி அமைதியாகப் போகவிடுங்கள் என்று உச்ச நீதிமன்றம் போனார். "நாங்க பாத்துக்கறோம்" என்று ஆஸ்பத்திரி நர்ஸுங்க மறுத்தாங்க.

2011 மார்ச் 7-ல் கோர்ட் மனுவைத் தள்ளியது. ஆனால் அதே தீர்ப்பில், இனி இப்படிப்பட்டவர்களுக்கு உயர் நீதிமன்ற அனுமதியோடு உயிர்காக்கும் சிகிச்சையை நிறுத்தலாம் என்று வழியும் விட்டது. அருணா 2015 மே 18-ல் நிமோனியாவில் இறந்தார். ரெண்டு பக்கமும் அவர் நல்லதுக்குத்தான் பேசினாங்க. அவரை மட்டும் கேட்க முடியல.

அந்தக் குறையை 2018 மார்ச் 9-ல் ஐந்து நீதிபதிகள் தீர்த்தார்கள். கண்ணியமாகச் சாவதும் உரிமைதான். எனக்கு மெஷின் வேண்டாம் என்று முன்கூட்டியே எழுதிவைக்கலாம் என்றார்கள். முதலில் மாஜிஸ்திரேட் கையெழுத்து வேணும்னு இருந்தது. 2023 ஜனவரியில் தளர்த்தி, ரெண்டு சாட்சியோடு நோட்டரியோ கெஜட்டட் ஆபீசரோ போதும் என்றார்கள். கடைசியில் நிறுத்த, ரெண்டு டாக்டர் குழுக்கள் ஒத்துக்கணும்.

விருதுநகர்ப் பக்கம் தலைக்கூத்தல் என்பார்களே, அதோடு இதைச் சேர்க்காதீங்க. எண்ணெய் வச்சுக் குளிப்பாட்டி இளநீர் கொடுத்து முடிக்கிற அங்கே முடிவெடுப்பது வீட்டார். இங்கே சாகப்போகிறவர்.

பெரியப்பாவுக்குப் பேச்சு இருந்ததால் பத்திரம் தேவைப்படல. "ஊசி கிடையாது. குழாய், மெஷின் வேணாம்னா சொல்லலாம்"னேன். "அது போதும், வலிக்கு மட்டும் மருந்து குடு"ன்னார். வீட்டிலேயே போனார்.

கும்மிடிப்பூண்டி சிப்காட்டில் வேலை பார்க்கிற என் பையன்கிட்ட என் விஷயத்தை இன்னும் பேசல. அறுப்பு முடியட்டும்னு தள்ளிப்போடறேன். தள்ளிப்போடற விஷயம் இல்லன்னும் தெரியுது.