வெனம் ஸ்நேக்: ஆள்மாறாட்டமும் அதன் வெளிப்பாடும்

வெனம் ஸ்நேக், கொனாமி நிறுவனம் 2015 செப்டம்பர் 1 அன்று வெளியிட்ட ‘மெட்டல் கியர் சாலிட் 5: தி ஃபேண்டம் பெயின்’ என்னும் ராணுவ வீடியோ கேமின் முதன்மைப் பாத்திரம். இதை இயக்கியவர் ஜப்பானியரான ஹிடியோ கோஜிமா. தொடரின் புகழ்பெற்ற தளபதியான பிக் பாஸ்தான் தான் என்று வெனம் ஸ்நேக் நம்புகிறான். உடன் இருப்பவர்களும் அப்படியே நடத்துகிறார்கள், விளையாடுபவரும் அப்படியே நம்புகிறார். உண்மையில் அவன் பிக் பாஸ் அல்ல. பிக் பாஸைக் காப்பாற்றத் தன் உடலைக் குறுக்கே கொடுத்து, பிறகு தன் பெயர், முகம், நினைவு மூன்றையும் இழந்த ஒரு ராணுவ மருத்துவ உதவியாளர். (இந்தப் பிக் பாஸுக்கும் அதே பெயரிலான தொலைக்காட்சி நிகழ்ச்சிக்கும் தொடர்பில்லை.)

கதையின் கடைசித் திருப்பத்தை முழுவதுமாகச் சொல்லாமல் இந்தப் பாத்திரத்தைப் பற்றி எழுத முடியாது. விளையாடி முடிக்காதவர்கள் இதை அறிந்து மேலே படிக்கலாம்.

தொடரில் இருந்த முடிச்சு

மெட்டல் கியர் தொடர் 1987-இல் எம்எஸ்எக்ஸ்2 கணினிக்காக வந்த ஆட்டத்தில் தொடங்குகிறது. அதில் ஃபாக்ஸ்ஹவுண்ட் என்னும் சிறப்புப் படையின் தலைவரான பிக் பாஸ், சாலிட் ஸ்நேக் என்னும் புதிய வீரனை அவுட்டர் ஹெவன் என்ற கோட்டைக்குள் அனுப்புகிறார். கடைசியில் அந்தக் கோட்டையின் தலைவனே பிக் பாஸ்தான் என்று தெரியவருகிறது. சாலிட் ஸ்நேக் அவரை வீழ்த்துகிறான். ஆனால் 1990-இல் வந்த இரண்டாம் ஆட்டத்தில் பிக் பாஸ் ஸான்ஸிபார் லேண்ட் என்னும் நாட்டின் தலைவராக மறுபடியும் எதிரே நிற்கிறார். ஒரே ஆள் இரு முறை வீழ்ந்தது எப்படி என்ற கேள்வி தொடரைப் பின்தொடர்ந்தவர்களிடம் நெடுங்காலம் இருந்தது.

பிக் பாஸின் இளமையை 2004-இல் வந்த ‘ஸ்நேக் ஈட்டர்’ சொன்னது. கதை நடப்பது 1964-இல். தன் குருவாகிய பெண் தளபதியைக் கொல்ல வேண்டிய கட்டளையை நிறைவேற்றியதற்காகக் கிடைத்த பட்டம்தான் ‘பிக் பாஸ்’. அதை அவர் பெருமையாகக் கொள்ளவில்லை. 2010-இல் வந்த ‘பீஸ் வாக்கர்’ அவரை 1974-ஆம் ஆண்டின் கோஸ்டா ரிகாவில், நாடற்ற கூலிப்படை ஒன்றின் தலைவராகக் காட்டியது. ஐந்தாம் ஆட்டம் இதிலிருந்து தொடர்கிறது.

1975: ஹெலிகாப்டருக்குள்

ஐந்தாம் ஆட்டத்தின் முன்னோட்டப் பகுதி ‘கிரவுண்ட் ஸீரோஸ்’ என்ற பெயரில் 2014 மார்ச்சில் தனியாக வந்தது. கியூபாவில் உள்ள அமெரிக்க ரகசியச் சிறை முகாமிலிருந்து பாஸ் ஓர்டேகா என்னும் இளம்பெண்ணையும் சிக்கோ என்னும் சிறுவனையும் பிக் பாஸ் மீட்டு ஹெலிகாப்டரில் ஏற்றுகிறார். ஓர்டேகாவின் வயிற்றுக்குள் வெடிகுண்டு வைத்துத் தைத்திருக்கிறார்கள். மயக்க மருந்து இல்லாமல், பறந்துகொண்டிருக்கும் ஹெலிகாப்டரின் தரையிலேயே, ஒரு மருத்துவ உதவியாளர் அவள் வயிற்றைக் கிழித்துக் குண்டை வெளியே எடுக்கிறார். அவருடைய முகம் தெளிவாகத் தெரியாதபடியே காட்சி அமைந்திருக்கிறது. அந்த நேரத்தில் விளையாடுபவரின் கண் ஓர்டேகாவின் மேலும் பிக் பாஸின் மேலும் இருப்பதால் இதை யாரும் பெரிதாகக் கவனிப்பதில்லை.

அவள் உடலில் இரண்டாவது குண்டு ஒன்றும் இருந்தது. மற்றவர்களைக் காப்பாற்ற அவள் ஹெலிகாப்டரிலிருந்து குதிக்கிறாள். குண்டு வெடிக்கிறது, ஹெலிகாப்டர் நொறுங்கி விழுகிறது.

1984: மருத்துவமனை

‘தி ஃபேண்டம் பெயின்’ ஒன்பது ஆண்டு கோமாவிலிருந்து ஒருவன் கண்விழிப்பதில் தொடங்குகிறது. இடம் சைப்ரஸ் தீவின் ஒரு மருத்துவமனை. இடக்கை முழங்கைக்குக் கீழே இல்லை. நெற்றியில் கொம்பைப் போல ஓர் உலோகத் துண்டு துருத்திக்கொண்டிருக்கிறது. உடலுக்குள் பதிந்த சிதறல்களில் வேறொரு மனிதரின் எலும்பும் பல்லும் இருப்பதாக மருத்துவர் சொல்கிறார். எதிரிகள் தேடுவதால் அடையாளம் தெரியாமலிருக்க அவனுடைய முகத்தை மாற்றப்போவதாகவும் சொல்கிறார். அங்கே விளையாடுபவர் தனக்குப் பிடித்த ஒரு முகத்தை வடிவமைத்து, தன் சொந்தப் பெயரையும் பிறந்த நாளையும் உள்ளிட வேண்டும்.

அறுவைச் சிகிச்சைக்கு முன்பே ஒரு கொலையாளி அறைக்குள் புகுந்து மருத்துவரைக் கொன்றுவிடுகிறாள். ஆகவே முகமாற்றம் நடக்கவில்லை, வடிவமைத்த முகம் வீணாயிற்று என்று விளையாடுபவர் எடுத்துக்கொள்கிறார். கோஜிமாவின் கைத்திறன் முழுதும் இந்த ஓர் இடத்தில் இருக்கிறது. முகமாற்றம் ஏற்கெனவே முடிந்துவிட்டது, அதுவும் எதிர்த் திசையில். விளையாடுபவர் வடிவமைத்தது அந்த மனிதனுக்கு இனி வரப்போகும் முகத்தை அல்ல. அவன் இழந்துவிட்ட முகத்தைத்தான்.

பக்கத்துக் கட்டிலில் கிடந்த, முகமெல்லாம் கட்டுப்போட்ட ஒருவன் எழுந்து அவனைக் காப்பாற்றுகிறான். தன்னை இஷ்மேல் என்று அழைக்கச் சொல்கிறான், ஒன்பது ஆண்டுகளாக அவனைக் கவனித்துவருவதாகவும் சொல்கிறான். கண்விழித்தவனுக்கு ஆஹாப் என்ற மறைபெயர் வைக்கப்பட்டிருக்கிறது. இரண்டும் ஹெர்மன் மெல்வில் 1851-இல் வெளியிட்ட ‘மோபி டிக்’ நாவலின் பாத்திரப் பெயர்கள். இருவரும் தரையில் ஊர்ந்தும் பிணங்களுக்கிடையே படுத்தும் தப்பித்து, ஓர் ஆம்புலன்ஸில் ஏறுகிறார்கள். வண்டி கவிழ்கிறது, இஷ்மேல் காணாமல் போகிறான். குதிரையில் வந்து சேரும் ஆசிலாட் என்னும் பழைய கூட்டாளி, கண்விழித்தவனான வெனம் ஸ்நேக்கை மட்டும் அழைத்துச் செல்கிறான். இஷ்மேல் யார் என்பதை ஆட்டம் அதன்பின் பல பத்து மணி நேரத்துக்கு வாய் திறந்து சொல்வதில்லை.

இடையில் கிடக்கும் தடயங்கள்

ஆப்கானிஸ்தானிலும் அங்கோலா-ஸயீர் எல்லையிலும் நடக்கும் பணிகளுக்கு நடுவே விடை பல இடங்களில் கிடக்கிறது. எல்லாவற்றிலும் நேரடியானது மரபணுச் சோதனை. ஆப்பிரிக்காவில் சிறுவர் படை ஒன்றை நடத்தும் ஈலை என்ற வெள்ளைக்காரச் சிறுவனைப் பிடித்துவருகிறார்கள். அவன் பிக் பாஸின் உயிரணுவிலிருந்து உருவான நகல் என்பதைத் தொடரின் பழைய விளையாட்டாளர்கள் பார்த்தவுடன் புரிந்துகொள்வார்கள். ஆனால் வெனம் ஸ்நேக்கின் மரபணுவோடு ஒப்பிட்டபோது பொருந்தவில்லை என்ற முடிவு ஓர் ஒலிநாடாவில் வருகிறது. கேட்டவர்கள் பலரும் சோதனையைச் சந்தேகித்தார்கள், அல்லது சிறுவனைச் சந்தேகித்தார்கள்.

குரலும் ஒரு தடயமாகப் பேசப்பட்டது. 1998-இலிருந்து ஆங்கிலப் பதிப்பில் ஸ்நேக்குக்குக் குரல் கொடுத்துவந்த டேவிட் ஹேட்டருக்குப் பதிலாக நடிகர் கீஃபர் சதர்லேண்ட் வருகிறார் என்று 2013-இல் அறிவித்தபோது ரசிகர்கள் கொந்தளித்தார்கள். உண்மையான பிக் பாஸின் குரலாக ஹேட்டர் கடைசியில் வருவார் என்று ஒரு சாரார் எதிர்பார்த்தார்கள். அது நடக்கவில்லை. ஆங்கிலத்தில் சதர்லேண்டும் ஜப்பானிய மொழியில் அக்கியோ ஓட்ஸுகாவும் இருவருக்குமே குரல் கொடுத்திருக்கிறார்கள்.

ஆனால் மிக ஆழமான தடயம் ஓர்டேகாதான். கடல் நடுவே உள்ள படைத்தளத்தின் மருத்துவ மேடையில், ஓர் அறையில் அவள் உயிரோடு இருக்கிறாள். நினைவு தப்பி, இன்னும் 1974-இலேயே வாழ்கிறாள். பழைய படைவீரர்களின் புகைப்படங்களைத் தேடி ஒவ்வொன்றாக அவளுக்குக் கொண்டுபோய்க் கொடுக்கலாம். கட்டாயப் பணி அல்ல; பலர் அந்தக் கதவைத் திறக்காமலே ஆட்டத்தை முடித்திருப்பார்கள். எல்லாப் படங்களும் சேர்ந்த பின், அவள் தன் வயிற்றைத் தானே பிளந்து குண்டை எடுக்கும் ஒரு பயங்கரக் காட்சி வருகிறது. அடுத்த நொடி அறை வெறுமையாக இருக்கிறது. அவள் அங்கே ஒருபோதும் இருந்ததில்லை, எல்லாம் வெனம் ஸ்நேக்கின் பிரமை.

இத்தனை பெரிய குற்ற உணர்வு இவனுக்கு ஏன் வர வேண்டும்? பிக் பாஸ் அவளை மீட்டவர்தான். வயிற்றைத் திறந்து ஒரு குண்டை எடுத்து, இரண்டாவதைக் காணாமல் விட்டவர் அந்த மருத்துவ உதவியாளர். எந்த நினைவு மாற்றத்தாலும் அழிக்க முடியாமல் அந்த மனிதருடைய பழைய வாழ்க்கை மேலெழும்பும் இடம் இதுதான். ஆட்டத்தின் வெளிப்படையான முடிவைவிட இதுவே அடையாளத்தை உண்மையாகச் சொல்கிறது என்பது இக்கட்டுரையாளரின் எண்ணம்.

46-ஆம் மிஷன்

‘உலகத்தை விற்ற மனிதன்’ என்று பொருள்படும் தலைப்பைக் கொண்டது 46-ஆம் மிஷன். அது டேவிட் போவியின் 1970-ஆம் ஆண்டுப் பாடல் ஒன்றின் தலைப்பு. மிட்ஜ் யூர் பாடிய வடிவம் ஆட்டத்தின் தொடக்கத்திலேயே ஒலிக்கிறது. தொடக்க மருத்துவமனைப் பகுதியை ஏறக்குறைய முழுவதுமாக மறுபடி விளையாடச் சொல்கிறது இந்த மிஷன். அதே ஊர்தல், அதே தாழ்வாரங்கள் என்று அலுத்துக்கொண்டவர்கள் உண்டு, அதில் நியாயமும் உண்டு. ஆனால் இந்த முறை விடுபட்ட துண்டுகள் சேர்கின்றன. கட்டுக்களை அவிழ்க்கும் இஷ்மேல்தான் உண்மையான பிக் பாஸ். ஹெலிகாப்டர் விழும்போது பிக் பாஸுக்குக் குறுக்கே பாய்ந்த மருத்துவ உதவியாளரின் முகம் இப்போது தெரிகிறது. அது விளையாடுபவர் தொடக்கத்தில் வடிவமைத்த முகம்.

இந்த ஏற்பாட்டைச் செய்தவர் பிக் பாஸின் பழைய நண்பரும் பிற்பாடு பகைவருமான மேஜர் ஜீரோ. பிக் பாஸை வேட்டையாடுபவர்களைத் திசைதிருப்ப, அவரைப் போலவே நம்பி நடக்கும் இரண்டாவது ஆளைத் தயார் செய்தார். ஒட்டறுவைச் சிகிச்சை முகத்தைப் பார்த்துக்கொண்டது. கோமாவில் கிடந்த காலத்தில் வசியமும் கருத்தேற்றமும் நினைவைப் பார்த்துக்கொண்டன. தன் வாயிலிருந்து உண்மை வந்துவிடக் கூடாது என்பதற்காக ஆசிலாட் தன்னைத் தானே வசியம் செய்துகொண்டு, வெனம் ஸ்நேக்கே அசல் என்று மனமார நம்பினான்.

முடிவில் வெனம் ஸ்நேக் ஒரு கேசட்டைப் போட்டுக் கேட்கிறான். இந்தப் புகழும் கதையும் இருவரும் சேர்ந்து உண்டாக்கியது, ஆகவே நீயும் பிக் பாஸ்தான் என்கிறது அசல் பிக் பாஸின் குரல். கேசட்டின் மறுபக்கத்தில் 1987 ஆட்டத்தின் ராணுவ நடவடிக்கைப் பெயர் எழுதியிருக்கிறது. அதை அவன் ஒரு எம்எஸ்எக்ஸ்2 கருவிக்குள் செருகுகிறான். பிறகு எதிரே உள்ள கண்ணாடியைக் குத்தி உடைக்கிறான். இருபத்தைந்து ஆண்டு முடிச்சு இங்கே அவிழ்கிறது: 1995-இல் அவுட்டர் ஹெவனில் சாலிட் ஸ்நேக் கொன்றது இந்த மனிதனை, 1999-இல் ஸான்ஸிபார் லேண்டில் எதிர்கொண்டது அசலை.

விளையாடுபவரின் பங்கு

ராணுவ ஆட்டங்களில் ஆள் யாரென்று கடைசியில் உடைப்பது புதிதல்ல. 2010-இல் வந்த ‘கால் ஆஃப் டூட்டி: பிளாக் ஆப்ஸ்’ ஆட்டத்தில் ரெஸ்னோவ் என்னும் தோழர் நாயகனின் கண்ணுக்கு மட்டும் தெரிந்த பிரமை என்று ஆகிறது. 2012-இன் ‘ஸ்பெக் ஆப்ஸ்: தி லைன்’ ஆட்டத்தில் வானொலியில் பேசிய கர்னல் கொன்ராட் எப்போதோ இறந்தவர். அவற்றில் மர்மம் இன்னொருவரைப் பற்றியது. இங்கே மர்ம ஆள் விளையாடுபவரின் கட்டுப்பாட்டிலேயே இருக்கிறான், அவருடைய பெயரையும் பிறந்த நாளையும் சுமக்கிறான். அந்தப் பிறந்த நாளில் ஆட்டத்தைத் திறந்தால் படைவீரர்கள் திரண்டு கொண்டாடுவதும் உண்டு.

இதை ரசிகர்களுக்குக் கோஜிமா செய்த மரியாதை என்று பலர் எழுதியிருக்கிறார்கள். அது சரியே. ஆனால் கதைக்குள் நின்று பார்த்தால் நடந்திருப்பது பெரும் அநீதி. அந்த மருத்துவ உதவியாளரிடம் யாரும் சம்மதம் கேட்கவில்லை. அவருக்குக் கதை ஒரு சொந்தப் பெயர்கூடத் தரவில்லை. பிக் பாஸ் இந்த ஏற்பாட்டைத் தடுக்காமல் ஏற்றுக்கொண்டு, வேறொரு படையைக் கட்டப் புறப்பட்டுவிடுகிறார். உண்மையறிந்து கொதிக்கும் ஒரே ஆள் துணைத்தளபதி காஸ் மில்லர். தன்னையும் ஏமாற்றிய பிக் பாஸுக்கு எதிராக நிற்பதென்று அவர் முடிவுசெய்கிறார். 1990 ஆட்டத்தில் சாலிட் ஸ்நேக்குக்கு ஆலோசகராக மில்லர் வருவதற்கு இப்போது ஒரு காரணம் கிடைக்கிறது. பிக் பாஸை இத்தனை ஆண்டு நாயகனாகக் கொண்டாடியவர்கள் மில்லரின் பேச்சுள்ள ஒலிநாடாக்களைப் பொறுமையாகக் கேட்க வேண்டும்.

வெளியீட்டுக்கு முன் நடந்த ஆள்மாறாட்டம்

ஆட்டத்தின் அறிவிப்பே ஒரு வேடம். 2012 டிசம்பரில் ‘தி ஃபேண்டம் பெயின்’ என்ற டிரெய்லர் மோபி டிக் ஸ்டுடியோ என்னும் முன்பின் தெரியாத ஸ்வீடன் நிறுவனத்தின் பெயரில் வந்தது. அதன் தலைவர் என்று சொல்லப்பட்ட ஜோகிம் மோக்ரென் 2013 மார்ச்சில் முகமெல்லாம் கட்டுப்போட்டுக்கொண்டு பேட்டி கொடுத்தார். அவருடைய முதற்பெயரின் ஆங்கில எழுத்துகளைக் கலைத்து அடுக்கினால் ‘கோஜிமா’ வரும். டிரெய்லரின் தலைப்பெழுத்துகளுக்கிடையே இருந்த கீற்றுகளில் ‘மெட்டல் கியர் சாலிட் 5’ என்ற எழுத்துகள் அச்சாகப் பொருந்துவதையும் ரசிகர்கள் கண்டுபிடித்துவிட்டார்கள். அந்த மாதக் கடைசியில் கோஜிமா உண்மையை ஒப்புக்கொண்டார். பெயரில்லாத ஒருவன் கட்டுப்போட்ட முகத்தோடு இன்னொருவனுக்காக நிற்பதுதான் கதை என்பதை அவர் அப்போதே எல்லார் கண்முன்னும் வைத்திருந்தார்.

ஈலையின் கதையை முடித்திருக்க வேண்டிய 51-ஆம் மிஷன் முற்றுப்பெறாமல், சிறப்புப் பதிப்பின் வட்டில் காணொளியாக மட்டும் சேர்க்கப்பட்டது. கோஜிமா 2015 டிசம்பரில் கொனாமியிலிருந்து விலகினார். 1984-க்கும் 1995-க்கும் இடையே வெனம் ஸ்நேக் எப்படி வாழ்ந்தான், தான் யாரென்று அறிந்த பின்னும் அந்தப் பெயரை ஏன் சுமந்தான் என்பதைச் சொல்லும் ஆட்டம் எதுவும் அதன்பின் வரவில்லை.