குறிமரபு நூற்பாவும் உரையும்

நள்ளிருள் யாமத்து நாய்குரை தெருவில்
உள்ளுறை துயிலோர் உணர்ந்துகேட் டடங்கக்
கைச்சிறு பறையொலி முந்துறச் சக்கம்மை
மெய்ச்சொல் இஃதெனத் தன்பெயர் மறைத்து
நன்மை முன்வைத்துத் தீமை பின்வைத்துக்
கதிரெழு பொழுதில் கந்தை கொள்ளும்
முதுகுடி என்ப குறியுணர்ந் தோரே.

இந்நூற்பா என் நுதலிற்றோ எனின், இரவிற் குறி கூறுதலைக் குலத்தொழிலாக உடைய குடுகுடுப்பையாரின் இயல்பு உணர்த்துதல் நுதலிற்று. பா புதிது, பொருள் பழைது. இதற்கு இலக்கியம் சேலமும் நாமக்கல்லும் சூழ்ந்த சமவெளியில், இராசிபுரம், சேந்தமங்கலம் முதலாய ஊர்த்தெருக்களிற் காண்க.

நள்ளிருள் யாமத்து: நள் என்பது செறிவு. யாமத்து எனவே இரவென்பது பெறப்படும். நள்ளிருள் என அடை கொடுத்தது என்னையெனின், ஊர் அடங்கிய இடையாமமே இவர்க்கு உரித்து என்றற்கு. சாமத்தில் வருதல் பற்றி இவரைச் சாமக்கோடாங்கி என்றும் வழங்குப. புறப்படுமுன் சுடுகாட்டில் வழிபட்டு வருவர் என்பது ஊரார் நம்பிக்கை. கேட்போர் அச்சத்துக்கு வேர் அதுவே.

நாய்குரை தெருவில்: நாய்குரை தெரு, வினைத்தொகை. வரவை முதலில் உரைப்பது நாயே.

உள்ளுறை துயிலோர் உணர்ந்துகேட்டு அடங்க: உணர்தல், ஈண்டு விழித்தல். அடங்க என்னும் எச்சத்தால், விழித்தோர் விளக்கேற்றார், கதவு திறவார், மறுமொழி கூறார் என்பது கொள்க. தொல்காப்பியர் வெட்சித்திணையுட் கூறிய விரிச்சியும், முல்லைப்பாட்டில் முதுபெண்டிர் நெல்லும் முல்லையும் தூவி நின்று கேட்ட நற்சொல்லும் இதனோடு ஒருபுடை ஒக்கும். ஆங்குக் கன்றைத் தேற்றிய ஆய்மகள் தன் சொல் குறியாதலை அறியாள். ஈண்டுச் சொல்வோன் அறிந்தே சொல்லும்.

கைச்சிறு பறையொலி முந்துற: கைச்சிறு பறை, குடுகுடுப்பை. இடை சுருங்கி இருமுகமும் தோல் போர்த்தது. கோல் வேண்டாது, கையைத் திருப்புந்தோறும் கயிற்று முடிச்சு இருமுகத்தும் மாறி அறைய ஒலிப்பது. ஒலி முந்துதலின் பயன் துயிலெழுப்புதல் மட்டுமன்று, வருவோன் கள்வன் அல்லன் எனத் தெரிவித்தலும் ஆம். கள்வர் ஒலி செய்து வாரார். இத்துணை எளியதும் உணராது, 1871இல் வடபுலத்தில் எழுந்து 1911ஆம் ஆண்டுச் சட்டத்தால் சென்னை மாகாணத்தும் புகுந்த குற்றப்பழங்குடிச் சட்டம், அலைகுடிகள் பலரைப் பிறப்பாலேயே ஐயத்துக்கு உரியராக்கிற்று. நாடு முழுதும் அஃது ஒழிந்தது 1952இல்.

சக்கம்மை மெய்ச்சொல் இஃதெனத் தன்பெயர் மறைத்து: இந்நூற்பாவின் உயிர்நிலை இத்தொடரே. சக்கம்மை, ஜக்கம்மா, கம்பளத்தார் வழிபடு தெய்வம், பாஞ்சாலங்குறிச்சிக் கட்டபொம்மன் வணங்கியதும் இத்தெய்வமே. தெலுங்கை வீட்டுமொழியாக உடைய கம்பளத்தார் தொட்டிய நாயக்கர் என்னும் பெயருடன் நாமக்கல் பக்கத்து மிக்கு வாழ்தலின், இப்பெயர் இந்நிலத்துக்கு அயலன்று. குறி கூறுவோன் ‘யான் கண்டேன்’ எனான். ‘அம்மை சொல்கிறாள்’ என்னும். வாகைத்திணையுள் ஓதப்பட்ட அறிவன் முக்காலமும் தன் நெறியால் அறிவான். இவனோ பிறிதொன்றன் வாயாக நிற்பான். அற்றேல், குறி பொய்த்தவழிப் பழியினின்று நீங்கும் சூழ்ச்சி இஃது எனின், அற்றன்று. மெய்த்தவழிப் புகழையும் உடன் விடுதலின். கஞ்சமலைக் காலாங்கிநாதர் எனவும் கொல்லிமலைக் கோரக்கர் எனவும் சித்தர் பெயர்கள் மலைதோறும் நிலவும் இந்நாட்டில், நேற்றிரவு வாயிலில் நின்று குறிகூறியவன் பெயரை வீட்டார் வினவுதலும் இலர். ஆகலின் மறைத்தல், ஈண்டு வஞ்சமன்று; தொழிலின் இலக்கணம்.

நன்மை முன்வைத்துத் தீமை பின்வைத்து: நல்ல காலம் என்பதே வாயிற் பிறக்கும் முதற்சொல். கண்டம், பிணி, கண்ணேறு ஆகியன பின்னர் வரும். தீமை முந்துமாயின் கேட்போர் நெஞ்சு அடைபடும். நன்மை கேட்டு நெகிழ்ந்த நெஞ்சே எச்சரிக்கையையும் ஏற்கும். பாரதியார் ‘புதிய கோணங்கி’ என்னும் பாட்டில் இம்மரபைக் கைக்கொண்டு நாட்டுக்கே குறி கூறினார். ஆண்டும் நன்மையே மிக்கது, சூது செய்வார்க்குக் கேடும் உரைக்கப்பட்டது. தாயத்து விற்கவே தீமை கூறுவாரும் உளர். அவரை நூற்பா பேசாமை, சிறப்பின்மை கருதிப்போலும்.

கதிரெழு பொழுதில் கந்தை கொள்ளும்: கந்தை, உடுத்துப் பழகிய ஆடை. உபலக்கணத்தால் அரிசியும் நெல்லும் காசும் கொள்க. பிறவற்றை விடுத்துக் கந்தையை எடுத்தோதியது, பெற்ற சேலையும் வேட்டியும் தோள்மேற் கிடக்கவே அடுத்த வாயிலில் அவன் நிற்றலின். இருளிற் சொல்லிப் பகலில் வாங்குதலான், கொடுப்பதும் மறுப்பதும் வீட்டார் விருப்பு என்பதும் பெற்றாம்.

முதுகுடி என்ப குறியுணர்ந்தோரே: குடி என்றது, தந்தையின் தொழிலை மகன் உடன்சென்று கற்றல் நோக்கி. இத்தகு குறிகாரரைத் தென்னாட்டுக் குடிகள் பற்றித் தர்ஸ்டன் 1909இல் வெளியிட்ட ஏழு தொகுதி நூலுள் காணலாம். என்ப என்பது முன்னோர்மேல் வைத்துரைத்தல். ஏகாரம் ஈற்றசை.

இக்காலத்து இக்குடியின் இளையர் பலர் வேறு தொழில் நாடினர். எஞ்சியோர் காலையில் வாயிலில் வந்து நிற்பின், கற்போர் கந்தையன்றி நல்லாடையே கொடுக்க.