தேவருக்கு முந்தைய சாண்டோ

ஆனைகட்டி டீக்கடையில் யாராவது ‘சாண்டோ’ என்று வாயெடுத்தால் போதும், பேச்சு நேராகத் தேவரிடம் போய் நிற்கும். கோவை ராமநாதபுரத்துக்காரர், யானையையும் மாட்டையும் நடிக்க வைத்தவர், மருதமலை முருகனுக்கு அள்ளிக் கொடுத்தவர். போன மாதம்கூட ஒரு தம்பி, “சாண்டோன்னா சின்னப்பா தேவர்தானுங்களே?” என்றான். “அவருக்கு முந்தி ஒருத்தர் இருந்தாரு தம்பி. புதுக்கோட்டைக்காரரு. நம்ம கோயமுத்தூர்லதான் கண்ணை மூடுனாரு” என்றேன். அவன் நம்பின மாதிரித் தெரியவில்லை.

நான் சொன்னவர் ராஜா சாண்டோ. சொந்தப் பெயர் நாகலிங்கம். யூஜின் சாண்டோ என்ற ஜெர்மானிய பயில்வான் 1904, 1905 வாக்கில் இந்தியா முழுக்கச் சுற்றிக் கட்டுடலைக் காட்டிவிட்டுப் போன பிறகு, கர்லாக்கட்டை சுழற்றியவனுக்கெல்லாம் அந்தப் பட்டம் வந்து ஒட்டிக்கொண்டது. நாகலிங்கமும் அப்படி ஒரு சாண்டோதான். பம்பாய் போனார். எஸ்.என். பட்டாங்கர் ‘பக்த போதனா’வில் (1922) அவரைப் படத்துக்குள் இழுத்தார். முதலில் சண்டை, தாண்டல், உடம்பைக் காட்டும் வேஷங்கள். பிறகு படிப்படியாக மேலே வந்து, சுலோசனாவும் கோஹரும் நடித்த ‘டைப்பிஸ்ட் கேர்ள்’ (1926), கோஹரின் ‘குணசுந்தரி’ (1927) என்று முக்கிய வேஷங்களுக்கு உயர்ந்தார்.

தமிழ் பேசும் புதுக்கோட்டைக்காரனால் எப்படி அங்கே முக்கிய வேஷங்களில் நடிக்க முடிந்தது? நான் கோவைத் தியேட்டர்களில் ஆபரேட்டராக இருந்தவன், அந்தப் பக்கத்திலிருந்து சொல்கிறேன். ஊமைப்படக் கேமராவைக் கையால்தான் சுற்றுவார்கள். நொடிக்குப் பதினாறு, பதினெட்டு பிரேம் என்று கேமராமேனின் கைக்குத் தகுந்தபடி ஓடும். கேமரா சுற்றும்போதே டைரக்டர் பக்கத்தில் நின்று, “திரும்பு, முறை, இப்போ அழு” என்று கத்திக்கொண்டே இருப்பார். அந்தச் சத்தம் பிலிமில் ஏறாது. நடிகன் வாயில் எந்த மொழி வந்தாலும் கவலை இல்லை. அட்டையில் எழுதிக் காட்டுவார்கள், எழுத்துத் தெரியாதவர்களுக்குக் கொட்டகையில் ஒருவர் நின்று வாசித்துக் கதை சொல்லுவார். உடம்பும் கண்ணும் பேசினால் போதும். அன்றைக்குச் சுலோசனாவும்கூட டெலிபோன் ஆபரேட்டராக இருந்து நடிக்க வந்த யூதப் பெண்தான், நிஜப் பெயர் ரூபி மையர்ஸ்.

பம்பாயில் தொழில் கற்றுக்கொண்டு சென்னைக்குத் திரும்பினார் சாண்டோ. ஆர். பத்மநாபனின் அசோசியேட்டட் பிலிம்ஸில் ‘பேயும் பெண்ணும்’, ‘நந்தனார்’, வை.மு. கோதைநாயகி அம்மாளின் நாவலை வைத்து ‘அநாதைப் பெண்’ என்று வரிசையாக எடுத்தார். கதை எழுதிக் கொடுக்க ஒரு வக்கீல் சேர்ந்தார், பின்னாளில் ‘தியாகபூமி’ எடுத்த கே. சுப்ரமணியம். நடித்தவர் பெயரைத் திரையில் போடும் வழக்கத்தைத் தமிழில் கொண்டுவந்தவர் சாண்டோதான் என்று சினிமா வரலாறு எழுதுகிறவர்கள் சொல்கிறார்கள். துணை வேஷத்தில் ஆரம்பித்த மனுஷனுக்கு அந்த அருமை தெரியாமல் இருக்குமா?

1931 அக்டோபரில் தமிழ் பேசும் படமாக ‘காளிதாஸ்’ வந்தது. அதோடு ஆட்டமே மாறிப்போனது. ஒரு படத்துக்கு ஐம்பதை ஒட்டிப் பாட்டு. சுருதி சேர்ந்த தொண்டை வேண்டும், அது நாடகக் கம்பெனிகளில்தான் இருந்தது. சாண்டோவின் ‘ராஜேஸ்வரி’யில் ஊமையாக நடித்த டி.பி. ராஜலட்சுமி பேசும் படத்துக்குள் சுலபமாக நுழைந்தார், ஏனென்றால் அவர் மேடையில் பாடி வளர்ந்தவர். நம்ம ஊர் சாமிக்கண்ணு வின்சென்ட்டின் ‘வள்ளி திருமணம்’ (1933) படத்திலும் வள்ளி அவர்தான். குதிரை ஏறவும் குஸ்தி போடவும் மட்டும் தெரிந்தவர்களுக்கு மைக் முன்னால் என்ன வேலை?

சாண்டோ இந்திப் பேசும் படத்திலும் நடித்தார், ‘இந்திரா எம்.ஏ.’ (1934) அதில் ஒன்று. ஆனால் தமிழில் அவர் பெயர் எடுத்தது கேமராவுக்குப் பின்னால். 1935இல் டி.கே.எஸ். சகோதரர்களின் நாடகக் கம்பெனியையே அழைத்துப் போய்ப் பம்பாயில் ‘மேனகா’ எடுத்தார். என்.எஸ். கிருஷ்ணன் அதில் இருந்தார். செட்டில் சாண்டோ கோபக்காரர், திட்டு மட்டுமில்லை, அடியும் விழும் என்று பெயர். அந்த முரட்டுத்தனத்துக்கு நான் வக்காலத்து வாங்க மாட்டேன். ஆனால் ஒன்று யோசித்துப் பாருங்கள்: கடைசி வரிசைக்குக் கேட்கும்படி பாடிப் பழகிய நாடக நடிகர்கள் ஒரு பக்கம், ஷாட்டுக்கு நடுவே கத்திக் கத்தியே பழகிய டைரக்டர் இன்னொரு பக்கம், நடுவில் எல்லாச் சத்தத்தையும் பிடித்துக்கொள்ளும் மைக். ஷாட் ஓடும்போது அடக்கிய வாய் அது முடிந்ததும் சும்மா இருக்குமா?

அடுத்த வருஷம் ‘சந்திரகாந்தா’வில் அவர் கையில் நடிக்க வந்தவர் இன்னொரு புதுக்கோட்டைக்காரர், பி.யு. சின்னப்பா. 1939இல் எம்.கே. தியாகராஜ பாகவதரை வைத்துத் ‘திருநீலகண்டர்’. கடைசியில் கோவை. பட்சிராஜா கம்பெனியின் ‘சிவகவி’யை ஆரம்பித்தவர் சாண்டோ. கம்பெனி முதலாளி ஸ்ரீராமுலு நாயுடுவோடு ஒத்துப்போகாமல் அவர் வெளியேற, நாயுடுவே டைரக்ட் செய்து முடித்தார். படம் வெளிவந்த அதே 1943இல் சாண்டோ கோவையில் காலமானார். ஐம்பது வயதுகூட ஆகவில்லை.

வேடிக்கை என்னவென்றால், நாலே வருஷத்தில் உடம்புக்கு மறுபடியும் மவுசு வந்துவிட்டது. ஜூபிடர் படக் கம்பெனிக்காரர்கள் கோவை சென்ட்ரல் ஸ்டூடியோவில் எடுத்த ‘ராஜகுமாரி’யில் (1947) எம்.ஜி.ஆரோடு மோதிய பயில்வான் யார் தெரியுமா? டீக்கடைத் தம்பி சொன்ன அதே சின்னப்பா தேவர்.

ராஜா சாண்டோ பெயரில் தமிழ்நாடு அரசு ஒரு விருது கொடுக்கிறது. அவர் தமிழில் எடுத்த ஊமைப்படங்களில் ஒன்றுகூட இன்றைக்கு இல்லை. தென்னாட்டில் எடுத்த நூற்றுக்கு மேற்பட்ட ஊமைப்படங்களில் மிஞ்சியது ‘மார்த்தாண்ட வர்மா’ (1933) ஒன்றுதான். அதுவும் அக்கறையால் பிழைக்கவில்லை, வழக்கால் பிழைத்தது. சி.வி. ராமன் பிள்ளையின் நாவலை அனுமதி வாங்காமல் படமாக்கினார்கள் என்று புத்தக உரிமை வைத்திருந்த திருவனந்தபுரம் கமலாலயா புக் டெப்போ கோர்ட்டுக்குப் போக, பிரதி அவர்கள் வசமே முடங்கியது. 1974இல் புனே திரைப்பட ஆவணக் காப்பகம் அதை வாங்கிக்கொண்டது. வழக்குப் போட ஆளில்லாத படமெல்லாம் போயே போய்விட்டது.

படம் திரும்பி வராது. ஆனால் ஊமைப்பட நோட்டீசும் பேசும் படப் பாட்டுப் புத்தகமும் எந்த வீட்டுப் பரணிலாவது கிடக்கலாம். கோவையிலோ பாலக்காட்டிலோ அப்படி ஏதாவது கண்ணில் பட்டால் பழைய பேப்பர் கடைக்குப் போட்டுவிடாதீர்கள். சென்னை ரோஜா முத்தையா நூலகத்துக்கோ புனே காப்பகத்துக்கோ ஒரு கடுதாசி போடுங்கள்.